ஆதார் போதும்தானே, சார்?

நேபாளத்தில் இருக்கும் முக்திநாத்துக்கு யாத்திரை போகப் பெயர் கொடுக்க வருகிறவர்களிடம் நான் முதலில் கேட்பது முன்பணம் இல்லை, வோட்டர் ஐடி. பெரும்பாலானவர்கள் பர்ஸைத் திறந்து ஆதார் அட்டையை எடுத்து மேஜைமேல் வைப்பார்கள். "இது ஆதார், நான் கேட்டது வோட்டர் ஐடி சார்" என்றால், நீ கேட்டதைவிட உசத்தியானதையே கொடுத்திருக்கிறேனே என்பதுபோல் ஒரு பார்வை வரும். அவர்கள்மேல் தப்பில்லை. ரேஷனுக்கு ஆதார், பேங்குக்கு ஆதார், சிம் கார்டுக்கு ஆதார், கேஸ் மானியத்துக்கு ஆதார் என்று பழக்கிவிட்டு, பக்கத்து நாட்டுக்குப் போக மட்டும் அது உதவாது என்றால் யார் நம்புவார்கள்?

ஸ்ரீரங்கத்திலிருந்து யாத்திரைக் குழுக்களை அழைத்துப்போவது என் வேலை. 16 வருடமாகிறது. காசி, கயா, பத்ரிநாத் எல்லாம் போவோம் என்றாலும் பேப்பர் வேலை என்றால் என்ன என்பதை எனக்குக் கற்றுக்கொடுத்தது நேபாளம்தான். ஆழ்வார்கள் பாடிய பெருமாள் தலங்களான 108 திவ்யதேசங்களில் திருப்பாற்கடலும் பரமபதமும் இந்தப் பூமியில் இல்லை. மிச்சமுள்ள 106-ல் இந்திய எல்லைக்கு வெளியே இருப்பது சாளக்கிராமம், அதாவது முக்திநாத், ஒன்றுதான். அதனால் மற்ற 105-ஐயும் சேவித்து முடித்த பெரியவர்கள், முட்டி வலியோடும் சர்க்கரை மாத்திரையோடும் கடைசியாக எங்களிடம் வந்து சேர்வார்கள். வாழ்நாள் முழுக்கப் பாஸ்போர்ட் எடுக்கும் தேவையே வராதவர்கள்.

நேபாளத்துக்குப் பாஸ்போர்ட் கட்டாயமும் இல்லை. 1950-ல் இரண்டு நாடுகளும் கையெழுத்துப் போட்ட உடன்படிக்கையின் தயவில் நமக்கு அங்கே விசா கிடையாது. பாஸ்போர்ட், இல்லையென்றால் தேர்தல் ஆணையம் கொடுத்த வாக்காளர் அட்டை. இரண்டில் ஒன்று போதும். 65 வயதைத் தாண்டியவர்களுக்கும் 15 வயது ஆகாத பிள்ளைகளுக்கும் இந்த இரண்டும் வேண்டாம். வயதையும் ஆளையும் காட்டுகிற, படம் போட்ட வேறு ஏதாவது அட்டை இருந்தால் சரி. 2019 ஜனவரியில் அந்த 'வேறு ஏதாவது' வரிசையில் ஆதாரையும் உள்துறை அமைச்சகம் சேர்த்தது. அதற்கு முன்னால் பான் கார்டு செல்லும், டிரைவிங் லைசென்ஸ் செல்லும், ஆதார் செல்லாது.

என் சறுக்கல் அதே வருடம் அக்டோபரில் நடந்தது.

மயிலாடுதுறைப் பக்கத்திலிருந்து ஓய்வுபெற்ற போஸ்ட்மாஸ்டர் ஒருவர் தனியாக வந்து சேர்ந்தார். தலை முழுக்க வெள்ளை, கையில் தடி. எழுபதாவது இருக்கும் என்று நானே முடிவு கட்டிவிட்டேன். "ஆதார் போதும்னு பேப்பர்லயே போட்டிருந்தான் தம்பி" என்றார். அந்தச் செய்தியை நானும் படித்திருந்தேன். நகலை வாங்கி ஃபைலில் வைத்துக்கொண்டேன். அதில் பிறந்த ஆண்டு 1955 என்று அச்சடித்திருந்ததை நான் பார்க்கவில்லை. டெல்லி விமான நிலையத்தில் காத்மாண்டு கவுண்டரில் உட்கார்ந்திருந்த பெண் பார்த்தார். விரல்விட்டு எண்ணிவிட்டு, 64 என்றார்.

"அறுபத்திநாலுக்கும் அறுபத்தஞ்சுக்கும் என்னம்மா வித்தியாசம்?" என்று பெரியவர் தமிழிலேயே கேட்டார். அந்தப் பெண்ணுக்குப் புரியவில்லை. புரிந்திருந்தாலும் சொல்வதற்கு அவரிடம் ஒன்றும் இருந்திருக்காது. வோட்டர் ஐடி ஊரில் பீரோவுக்குள் இருந்தது. மருமகள் அதைப் படம் எடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பினார். அசல் வேண்டும் என்று சொல்லிவிட்டார்கள். வரிசையில் என் பின்னால் இன்னும் 28 பேர், எல்லாருடைய கண்ணும் என் முதுகில்.

ரயிலில் கோரக்பூர் போய் எல்லையை நடந்தே தாண்டச் சொல்லுங்கள், அங்கே யாரும் கேட்க மாட்டார்கள் என்று எங்கள் குழுவிலேயே ஒருவர் காதோரம் சொன்னார். பொய் இல்லை. எல்லை ஊரான சோனாலியில் சைக்கிள் ரிக்‌ஷாவில் உட்கார்ந்தபடியே அந்தப் பக்கம் போகிறவர்களை நானே பார்த்திருக்கிறேன். ஆனால் சாலைவழிக்கும் சட்டம் ஒன்றுதான். உள்ளே போன பிறகு முக்திநாத் பக்கம் மலைமேல் இறங்கும் ஜோம்சோம் விமானத்துக்கு அட்டை வேண்டும், அன்னபூர்ணா பகுதிக்கான அனுமதிச் சீட்டுக்கு வேண்டும், காத்மாண்டுவிலிருந்து திரும்பும் விமானத்துக்கும் வேண்டும். மலைமேல் ஒருவருக்கு மூச்சு முட்டி ஆஸ்பத்திரியில் சேர்க்க வேண்டி வந்தால் அப்போதும் வேண்டும். வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். மாலை விமானத்தில் சென்னைக்கு என் காசில் டிக்கெட் போட்டுக் கொடுத்தேன்.

அவர் சண்டை போட்டிருந்தால் எனக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும். "ஊர்ல ஒவ்வொருத்தன் கையெழுத்தையும் சரிபார்த்துப் பணம் கொடுத்தவன் தம்பி நான். என் கார்டை நான் பார்க்கலை பாருங்க" என்று மட்டும் சொன்னார். அந்த வார்த்தையைச் சொல்லியிருக்க வேண்டியவன் நான். முக்திநாத்தில் 108 தாரைகளுக்கும் கீழே குனிந்து ஓடும்போது, அந்த ஐஸ் தண்ணீரில் எனக்குச் சாமி நினைப்பு வரவே இல்லை.

ஆதார் ஏன் செல்லாது என்பதை எனக்குப் புரியவைத்தது சுற்றறிக்கை எதுவும் இல்லை. சமையலுக்கு எடுபிடியாக வந்த ஒரு பையன். இது 2017-ல். சாலைவழிக் குழு அது. ராப்திசாகர் எக்ஸ்பிரஸில் கோரக்பூர், அங்கிருந்து பஸ்ஸில் சோனாலி. எங்களோடு சமையல்காரர் வருவார். ரசப்பொடி, அப்பளம், அண்டா, அடுப்பு என்று பாதி டிக்கி அவருடையது. அவருக்கு எடுபிடி வேலை செய்ய, திருச்சியில் ஒரு மெஸ்ஸில் வேலை பார்த்த நேபாளப் பையனைக் கூட்டி வந்திருந்தார். ஊருக்குப் போனதுபோலவும் ஆயிற்று, சம்பளமும் ஆயிற்று என்று அவனும் கிளம்பிவிட்டான்.

எல்லையில் காவல் நிற்கும் நம் படையான சசஸ்திர சீமா பல் ஜவான் ஒருவர் பஸ்ஸுக்குள் ஏறி அட்டைகளைக் கேட்டார். எங்கள் ஆட்கள் வோட்டர் ஐடியை எடுத்து நீட்டினார்கள். பழக்க தோஷத்தில் இரண்டு பேர் ஆதாரை நீட்ட, அவர் தலையை ஆட்டிவிட்டு "வோட்டர் கார்டு" என்றார். பின்சீட்டில் பையன் சிரித்துவிட்டான். ஏனென்றால் அவன் பர்ஸிலும் ஆதார் இருந்தது. அதே சிங்க முத்திரை, தமிழில் அவன் பெயர், உறையூர் விலாசம். அப்புறம் என்னிடம் காட்டினான். ஆனால் ஜவானிடம் அவன் நீட்டியது மடிப்பு விழுந்து லேமினேட் செய்த ஒரு தாள். நாகரிக்தா என்றான். நேபாளக் குடியுரிமைச் சான்று. ஜவான் அதைப் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தார்.

அந்த உறையூர் விலாசத்தைப் பார்த்தபோதுதான் எனக்கு உறைத்தது. ஆதார் என்பது இங்கே குடியிருக்கிறவர்களுக்கான எண். 12 மாதத்தில் 182 நாள் இங்கே இருந்திருந்தால் வெளிநாட்டுக்காரரும் வாங்கலாம். இது குடியுரிமைக்குச் சான்று ஆகாது என்று 2016-ல் வந்த ஆதார் சட்டமே சொல்கிறது. வாக்காளர் பட்டியலில் இந்தியக் குடிமக்கள் மட்டும்தான் இருக்க முடியும். எல்லையில் நிற்கிறவர் என் கண்ரேகையைக் கேட்கவில்லை, நான் எந்த நாட்டு ஆள் என்று கேட்கிறார். 65 தாண்டினால் மட்டும் அந்தக் கேள்வியை ஏன் விட்டுவிடுகிறார்கள் என்று கேட்காதீர்கள். வயதானவர்களை அலையவிடக் கூடாது என்ற இரக்கம் என்றே நான் எடுத்துக்கொள்கிறேன்.

இப்படி 2017-லேயே ஞானம் வந்தவன் 2019-ல் எப்படிக் கோட்டை விட்டேன் என்றால், அதற்கு என்னிடம் பதில் இல்லை. அந்த நரைத்த தலைதான் காரணம்.

வோட்டர் ஐடி இருந்துவிட்டால் மட்டும் வேலை முடிந்ததா என்ன? 90-களில் கொடுத்த கறுப்பு வெள்ளை அட்டைகளைப் பார்த்திருப்பீர்கள். பிறந்த தேதி இருக்காது, '1.1.1995 அன்று வயது' என்று ஒரு கணக்கு இருக்கும். படத்தில் இருப்பவர் ஆணா பெண்ணா என்பதே சில அட்டைகளில் சந்தேகம். அந்தப் படத்தில் 40 வயதில் இருந்தவர் இன்று 70 வயதில் என் முன்னால் நிற்கிறார். பல்லும் இல்லை, மீசையும் இல்லை. அப்படிப்பட்ட அட்டையைக் கண்டால், படிவம் 8 எழுதிப் புது அட்டை வாங்கி வாருங்கள் என்று திருப்பி அனுப்பிவிடுவேன். ஆதாரிலும் பிறந்த ஆண்டு மட்டும் போட்ட பழைய அட்டைகள் நிறைய உண்டு. அந்த ஆண்டில் 65 ஆகிறவர் என்றால், டிசம்பர் 31 வரை என் கணக்கில் அவருக்கு 64 தான்.

பெயர் அடுத்த வம்பு. நமக்கு இனிஷியல் முன்னால் வரும், டிக்கெட் போடுகிற கம்ப்யூட்டருக்கு ஏதாவது ஒரு குடும்பப் பெயர் வேண்டும். 'கே. லட்சுமி' என்பவரின் பெயரில் ஒருமுறை வெறும் 'கே'யைக் குடும்பப் பெயராகப் போட்டுவிட்டேன். வோட்டர் ஐடியில் இனிஷியலே இல்லை, 'லெட்சுமி' என்று மட்டும் இருந்தது. நேபாளக் கவுண்டரில் அரைமணி நேரம் நின்று, அப்பா பெயர் கிருஷ்ணசாமி, அதன் முதல் எழுத்துதான் கே என்று விளக்கினேன். அன்றிலிருந்து அட்டையில் என்ன எழுத்து இருக்கிறதோ அதே எழுத்துதான் டிக்கெட்டில். யாருடைய வாய்ச்சொல்லையும் கேட்டு நான் பெயர் தட்டுவதில்லை.

பாஸ்போர்ட்டோ வாக்காளர் அட்டையோ குடும்பத்தில் பெரியவர் ஒருவரிடம் இருந்தால், கூட வருகிறவர்கள் உறவைக் காட்டும் படம் போட்ட சான்றைக் காட்டலாம் என்று விதியில் இருக்கிறது. ரேஷன் கார்டைக் கூட அதில் சொல்லியிருக்கிறார்கள். சரி, நம் ஊர் ஸ்மார்ட் கார்டில் படம் குடும்பத் தலைவருக்கு மட்டும்தான், எழுத்தோ தமிழில். அதை சோனாலியில் யார் படிப்பார்கள்? இந்தச் சலுகையை நம்பி நான் யாரையும் கூட்டிப்போனதில்லை. 15-லிருந்து 18-க்குள் இருக்கும் பிள்ளைகளுக்குப் பள்ளித் தலைமை ஆசிரியர் தரும் அடையாளச் சான்று செல்லும். அதற்கென்று ஒரு படிவம் இருக்கிறது. அதைக் கேட்டுவிட்டு வா என்றால் பையன்கள் நன்னடத்தைச் சான்றிதழோடு வருவார்கள். நன்னடத்தை பற்றி எல்லையில் யாருக்கும் அக்கறை இல்லை.

பூட்டானுக்கு இரண்டு தடவைதான் போயிருக்கிறேன், ஜெய்காவ் வழியாகப் பூண்ட்ஷோலிங். அங்கேயும் பாஸ்போர்ட் அல்லது வோட்டர் ஐடி. பிள்ளைகளுக்குப் பாஸ்போர்ட் இல்லையென்றால் பிறப்புச் சான்றிதழ். ஒரு குழந்தையின் சான்றிதழில் அப்பா, அம்மா, ஆஸ்பத்திரி எல்லாம் இருந்தது, குழந்தையின் பெயர் இடம் மட்டும் காலி. பிறந்த உடனே பதிந்துவிட்டு, பெயர் வைத்த பிறகு போய்ச் சேர்க்காமல் விட்டிருந்தார்கள். நல்லவேளை, திருச்சியிலேயே கண்ணில் பட்டது.

நேபாளத்தில் அட்டைக்கு அடுத்த கவலை நோட்டு. 2018 டிசம்பரில் 100 ரூபாய்க்கு மேற்பட்ட இந்திய நோட்டுகளுக்கு அங்கே தடை போட்டார்கள். 2019 குழுவில் ஒவ்வொரு மாமியும் 100 ரூபாய்க் கட்டுகளை மடிசஞ்சிக்குள் மறைத்துக்கொண்டு வந்தார்கள். அதைப் பற்றித் தனியாக எழுத வேண்டும்.

அட்டை தொலைந்த கதையும் ஒன்று உண்டு. காத்மாண்டுவில் ஒரு அம்மா கைப்பையை டாக்ஸியிலேயே விட்டுவிட்டார். முதலில் போலீஸில் புகார், அப்புறம் லைன்சௌரில் இருக்கும் நம் தூதரகம். அங்கே அவசரச் சான்று என்று ஒரு தாள் கொடுத்தார்கள். இந்தியாவுக்கு ஒரே ஒரு தடவை திரும்பி வர மட்டும் அது செல்லும். ஊருக்கு வந்து அந்த அம்மா அதைப் பத்திரமாக ஃபிரேம் போட்டு மாட்டியிருப்பதாகக் கேள்வி. அதற்குப் பிறகு, எல்லா அட்டையையும் ஒரே பைக்குள் வைக்காதீர்கள் என்று புறப்படும் நாளில் மைக் வைத்துச் சொல்கிறேன். சொன்ன பிறகும் வைக்கிறார்கள்.

போஸ்ட்மாஸ்டர் மறுவருடமே வருவதாகச் சொல்லியிருந்தார். கொரோனா வந்து இரண்டு வருடம் போயிற்று. 2022 அக்டோபரில் வந்தார். இந்தத் தடவை சாலைவழிக் குழு. அவருக்கு வயது 67, ஆதாரே போதும். ஆனாலும் ஒரு பிளாஸ்டிக் கவரில் ஆதார், வோட்டர் ஐடி, புத்தம்புதுப் பாஸ்போர்ட், பென்ஷன் புத்தகம் நான்கையும் போட்டு, கோரக்பூரிலிருந்தே மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். சோனாலியில் பஸ் நின்றது. ஜவான் கீழேயிருந்தே டிரைவரிடம் இரண்டு வார்த்தை பேசிவிட்டுக் கையைக் காட்டினார். பஸ் அந்தப் பக்கம் போய்விட்டது.

"என்ன தம்பி, ஒருத்தனும் கேக்கலையே?"

"திரும்பி வர்றப்போ கேப்பாங்க சார்" என்றேன்.

திரும்பி வந்தபோதும் கேட்கவில்லை.