கும்பிட்டால் அடி விழும்

எங்கள் வீட்டு ஞானியான என் கணவரைப் பற்றி உங்களுக்கு நான் புதிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. விடிகாலையில் பால்கனியில் பாயைப் போட்டு உட்கார்ந்துகொள்வார். போனில் ஒரு வெள்ளைக்காரர் மூச்சை இழுக்கச் சொல்வார், இவர் இழுப்பார். விடச் சொல்வார், விடுவார். நடுவில் கண்ணைத் திறக்காமலே "மூணு விசில் ஆச்சு, அடுப்பை அணை" என்று சமையலறைக்கு உத்தரவு வரும். அப்பேர்ப்பட்டவர் ஜப்பான் வரைக்கும் வந்துவிட்டு ஒரு ஜென் கோயிலில் உட்காராமல் ஊர் திரும்பினால் அடுக்குமாடிச் சங்கத்தில் யார் மதிப்பார்கள்? அதனால் நேற்றுக் காலை எல்லோரும் கியோட்டோவில் வேறு எதையெதையோ பார்த்துக்கொண்டிருக்க, நாங்கள் தியானத்துக்கும் தேநீருக்கும் போனோம். ஆளுக்கு 3,000 யென். நம் காசில் எவ்வளவு என்று பெருக்கிப் பார்த்தபோதே எனக்கு மூச்சு நின்று, பாதி தியானம் முடிந்துவிட்டது.

அத்தையை, அதாவது என் மாமியாரை, ஹோட்டலில் விட்டுவிட்டுப் போவதாகத்தான் ஏற்பாடு. அத்தைக்கும் அந்த அறைக்கும் இப்போது நல்ல உறவு. முதல் நாள் கழிவறைக் கதவைத் திறந்ததும் மூடி தானாக எழுந்து நின்றதில் அலறி அடித்துக்கொண்டு ஓடி வந்தவர், இப்போது "உள்ளே போனா எழுந்து நிக்குது பாரு, இந்த வீட்டுல வேற யாரு எனக்கு எழுந்து நிக்கிறீங்க?" என்கிறார். ஆனால் கதவுக்குச் சாவி இல்லாமல் அட்டை இருப்பதில் மட்டும் நம்பிக்கை வரவில்லை. "கிரெடிட் கார்டை வெச்சுப் பூட்டற வீட்டுல நான் தனியா இருக்க மாட்டேன்." சரி, இன்னொரு 3,000 யென்.

கோயில், கியோன் தெருக் கோடியில் இருக்கும் கென்னின்-ஜி வளாகத்துக்குள். பெரிய கோயிலைச் சுற்றிக் குட்டிக் கோயில்கள் நிறைய. அதில் ஒன்று. போகிற வழியில் சந்துக்குச் சந்து, படம் எடுத்தால் 10,000 யென் அபராதம் என்று பலகை. எங்கள் வாண்டு அதைப் பார்த்த நிமிஷத்திலிருந்து போனை டவுசர் பைக்குள் போட்டு மேலே கையை வைத்துக்கொண்டு நடந்தான். அபராதம் என்ற வார்த்தைக்கு அவனிடம் இருக்கும் மரியாதை அப்பா அம்மா என்ற வார்த்தைக்கு இருந்திருந்தால் நான் எங்கேயோ இருந்திருப்பேன்.

உள்ளே ஒரு இளம் துறவி. முப்பது வயதுக்கு மேல் சொல்ல முடியாது. மொட்டைத் தலை, கறுப்பு அங்கி, என்னைவிட நல்ல ஆங்கிலம். செருப்பை எங்கே விடுவது, பாயின் துணிக்கரையை மிதிக்காமல் எப்படி நடப்பது, எங்கே உட்காருவது எல்லாம் சொன்னார். முட்டி வலி இருப்பவர்களுக்கு நாற்காலி உண்டு என்றார். எல்லோர் கண்ணும் அத்தை பக்கம் போனது. அத்தையோ புடவையை ஒரு இழுப்பு இழுத்து, குண்டு மெத்தை மேல் பத்மாசனம் போட்டு உட்கார்ந்து, இன்னும் எதற்குக் காத்திருக்கிறீர்கள் என்கிற மாதிரி எங்களைப் பார்த்தார். வாழ்நாள் முழுக்கத் தரையில் உட்கார்ந்து காய் நறுக்கியவர். என் கணவருக்கு ஒரு கால் மடங்கியது, இன்னொரு கால் மடங்கவில்லை. நாற்காலி வேண்டுமா என்று துறவி கேட்டதற்கு, "ஐ ஆம் ஃப்ரம் இந்தியா" என்றார். கேட்ட கேள்விக்கும் சொன்ன பதிலுக்கும் சம்பந்தமில்லை என்று துறவிக்கும் தோன்றியிருக்க வேண்டும். தலையைக் குனிந்துகொண்டு நகர்ந்தார்.

ஜென் பௌத்தத்தில் சோட்டோ என்ற பிரிவில் சுவரைப் பார்த்து உட்காருவார்கள். இது ரின்சாய் பிரிவு. இரண்டு வரிசையாக, ஆளுக்கு ஆள் எதிரெதிராக. கண்ணை மூடக் கூடாது, பாதி திறந்து ஒரு மீட்டர் தள்ளித் தரையைப் பார்க்க வேண்டும். மூச்சை ஒன்று முதல் பத்து வரை எண்ணி, மறுபடி ஒன்றிலிருந்து தொடங்க வேண்டும். எனக்கு நாலைத் தாண்டவில்லை. நாலில் வீட்டு கேஸ் சிலிண்டர் வந்தது. அடுத்த தரம் நாலில், ஃப்ரிட்ஜில் விட்டுவிட்டு வந்த இட்லி மாவு வந்தது.

இதற்கு முன்னாலேயே துறவி ஒரு விஷயத்தை விளக்கியிருந்தார். அவர் கையில் கெய்சாகு என்று ஒரு தட்டையான மரக்கோல் இருக்கும். ஒரு மீட்டர் நீளம். அதைப் பிடித்துக்கொண்டு வரிசைகளுக்கு நடுவே மெல்ல நடப்பார். தூக்கம் வருகிறது, மனம் அலைகிறது, அடி வேண்டும் என்று நினைப்பவர்கள், அவர் எதிரே வரும்போது கையைக் கூப்ப வேண்டும். கூப்பினால் நின்று, இரண்டு தோளிலும் அடிப்பார். கேட்காமல் அடிப்பதில்லை. அத்தை என்னவென்று கேட்டதற்கு, அந்த மோன நிலையிலேயே இவர் "அப்புறம் சொல்றேம்மா" என்றார். அந்த 'அப்புறம்' இதுவரை வரவில்லை.

கட்டையைத் தட்டினார்கள், சின்ன மணியை அடித்தார்கள், ஊதுவத்தி புகைய ஆரம்பித்தது. துறவி கோலோடு எழுந்தார். எதிர்வரிசையில் முதலில் ஒரு ஜெர்மன் தம்பதி, அப்புறம் கழுத்தில் பச்சை குத்திய ஒரு பையன், அப்புறம் அத்தை. தரையைப் பார்க்க வேண்டிய என் பாதிக் கண் முழுக்க அத்தை மேல்தான். காவியோ கறுப்போ, மொட்டை அடித்த ஒரு சாமி, கையில் கோல், நம் எதிரில் வருகிறார். காஞ்சிபுரத்துப் பெண்மணி என்ன செய்வார்? கையெடுத்துக் கும்பிட்டார்.

துறவி நின்றுவிட்டார். ஒரு கணம் தயங்கியதை நான் பார்த்தேன். பதிலுக்கு அவரும் கும்பிட்டார். அத்தைக்குப் பரம சந்தோஷம், இன்னும் நன்றாகக் குனிந்தார். குனிவதுதான் அடி வாங்கும் முறை. துறவி கோலால் அவர் தோளை முதலில் மெல்லத் தொட்டு இடம் பார்த்தார். அப்புறம் பட், பட். அந்தப் பக்கம் பட், பட். வலியைவிடச் சத்தம் பெரிது. வாண்டு "பாட்டி!" என்று கத்தி எழுந்து, நான் அவன் டவுசரைப் பிடித்து உட்கார வைத்து, ஜெர்மன்காரர் கண்ணை முழுசாகத் திறந்து, அந்த அமைதியான மண்டபத்தில் அசையாமல் இருந்தது அத்தை ஒருவர்தான். நிமிர்ந்து மறுபடி ஒரு கும்பிடு போட்டார். துறவியும் போட்டார். அது முறைதான், அடி வாங்கியதும் இருவரும் வணங்கிக்கொள்ள வேண்டும். துறவி அடுத்த ஆளிடம் போய்விட்டார்.

எனக்குக் கண்ணில் தண்ணீர் முட்டுகிறது. சிரிப்பா பயமா தெரியவில்லை. கணவரைப் பார்த்தால் அவர் முகத்தில் கவலை இல்லை. பொறாமை.

ஒரு சுற்று முடிந்து துறவி திரும்பி வந்தார். அத்தை மறுபடி கும்பிட்டார். இந்தத் தரம் தெரிந்தே. புடவைத் தலைப்பை ஒதுக்கிவிட்டு, குனிந்து தயாராக இருந்தார். பட், பட். பட், பட்.

வெளியே வந்ததும் முதல் வேலையாகக் கேட்டேன். "என்ன அத்தை, வலிக்கலையா?"

"எதுக்கு வலிக்கணும்? பெருமாள் கோயில்ல சடாரி தலையில வைப்பாங்க. இங்க தோள்ல வைக்கிறாங்க."

"அதுக்காக ரெண்டு தரமா?"

"முதல்ல எனக்கு. ரெண்டாவது உங்க மாமாவுக்கு. அவரு இருந்திருந்தா நாலோட விட்டிருப்பாரா? பிரசாதம்னா வரிசையில ரெண்டாவது தடவை நிக்கிற மனுஷன்."

நான் ஒன்றும் சொல்லவில்லை. மாமாவின் தயிர்சாதத் தொன்னைகள் எல்லாம் ஞாபகம் வந்தன.

என் கணவர் கதைக்கு வருகிறேன். அடி வேண்டும் என்று ஆசை, கையைக் கூப்பப் பயம். துறவி ஒவ்வொரு தரம் கடக்கும்போதும் கை கொஞ்சம் எழும்பும், இறங்கும். கடைசியில் தைரியம் திரட்டி இரண்டு கையையும் கூப்பினார் பாருங்கள், அந்த நொடியில் மணி அடித்துவிட்டது. துறவி அழகாக ஒரு வணக்கம் வைத்துவிட்டுத் தன் இடத்தில் போய் உட்கார்ந்துகொண்டார். 3,000 யென் கொடுத்து அடி வாங்காமல் திரும்பிய துக்கத்தில் எழ முயன்றவருக்கு, இரண்டு காலும் மரத்துப்போயிருந்தது. மிதிக்கக் கூடாது என்று சொன்ன துணிக்கரைகள் அத்தனையின் மேலும் தவழ்ந்துதான் தேநீர் அறைக்கு வந்து சேர்ந்தார். மிதிக்கவில்லை என்பது அவர் வாதம்.

தேநீர் அறைச் சுவரில் ஒரு படம். தாடி, பிதுங்கிய கண், உலகத்தின் மேல் மொத்தக் கோபம். ஜென்னுக்கு மூலவரான போதிதருமர். இந்தியாவிலிருந்து போனவர் என்றார் துறவி. "அம்மா, இவர் நம்ம காஞ்சிபுரத்துக்காரர்னு சொல்வாங்க" என்றார் இவர், போன மானத்தை மீட்கும் குரலில்.

அத்தை படத்தை நிதானமாகப் பார்த்தார். "எந்தத் தெரு?"

அவர் ஒன்பது வருடம் சுவரைப் பார்த்து உட்கார்ந்ததையும், நடுவில் தூங்கிப் போன கோபத்தில் கண்ணிமைகளை அறுத்து வீசியதையும், விழுந்த இடத்தில் தேயிலைச் செடி முளைத்ததாகக் கதை இருப்பதையும் துறவி சொல்ல, நான் தமிழில் சொன்னேன். அத்தை, "அப்ப காப்பிக்கு எதை அறுத்தாங்களாம்?" என்றார். இதை மட்டும் நான் மொழிபெயர்க்கவில்லை.

என் கணவருக்குத் தெரிந்த இன்னொரு கதை, கென்னின்-ஜியை 1202-ல் நிறுவிய துறவி எய்சாய் பற்றி. சீனாவிலிருந்து 1191-ல் திரும்பும்போது தேயிலை விதை கொண்டுவந்தவர். 1214-ல் ஷோகன் என்ற ராணுவ ஆட்சித் தலைவராக இருந்த சனெதோமோ முந்தின ராத்திரிக் குடியில் எழ முடியாமல் கிடந்தபோது, எய்சாய் ஒரு கிண்ணம் தேநீரையும் அதன் அருமை பெருமைகளை எழுதிய ஏட்டையும் அனுப்பித் தெளிய வைத்தாராம். "பூந்தமல்லி மாமாவுக்கு ஒரு கால் கிலோ வாங்கிக்கோ" என்றார் அத்தை. விலையைப் பார்த்துவிட்டு, மாமா குடித்தபடியே இருக்கட்டும் என்று முடிவானது.

முதலில் இனிப்பு. அத்தை தீர்ப்பு: "பூரணம் சரியா இருக்கு, மேல்மாவுதான் வேகலை." அப்புறம் துறவி கிண்ணத்தில் மூங்கில் கரண்டியால் பச்சைத் தூளை இரண்டு தரம் எடுத்துப் போட்டு, கொஞ்சம் வெந்நீர் ஊற்றி, மூங்கில் கடைகோலால் மணிக்கட்டை மட்டும் அசைத்து நுரை வரக் கடைந்தார். கிண்ணத்தை வாங்கி, இரண்டு தரம் திருப்பி, குடித்து, கடைசி மடக்கைச் சத்தம் வர உறிஞ்ச வேண்டும். அதுதான் மரியாதை. வாண்டு பிறந்ததிலிருந்து எதற்காகத் திட்டு வாங்கினானோ, அதையே செய்யச் சொல்கிறார்கள். அவன் உறிஞ்சிய உறிஞ்சலில் பக்கத்து அறையில் யாரோ நகர்ந்தார்கள்.

அத்தை கிண்ணத்தைத் திருப்பினார். இரண்டு தரம், சரியாக. எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது. அப்புறம் அண்ணாந்து, கிண்ணத்தை ஒரு முழம் உயரத்தில் தூக்கினார். அத்தை எதையும் எச்சில் பண்ணிக் குடித்து யார் பார்த்திருக்கிறீர்கள்? அகல வாய்க் கிண்ணம். பச்சை அருவி. ஒரு சொட்டு கீழே விழவில்லை. ஜெர்மன் அம்மாள் கை தட்டிவிட்டார். "பால் இல்லை, சர்க்கரை இல்லை, அகத்திக்கீரை தண்ணி" என்று எனக்கு மட்டும் கேட்கும்படி சொல்லிவிட்டு, துறவியைப் பார்த்து, "ரொம்ப நல்லா இருக்கு தம்பி" என்றார்.

அப்புறம் விசாரணை. பெயர், சொந்த ஊர், அப்பாவும் இதே கோயிலா, கல்யாணம் ஆச்சா. துறவிக்குக் கல்யாணம் ஆகி இரண்டு பெண் குழந்தைகள். ஜப்பானில் 1872-லேயே துறவிகளுக்கு அரசாங்கம் அனுமதி கொடுத்துவிட்டதாம். அத்தைக்குப் பெரிய நிம்மதி. "சாமியார்னாலும் வீட்டுக்குப் போனா சோறு போட ஆள் இருக்கு" என்று சொல்லிக்கொண்டே கைப்பையைக் குடைந்து, தட்டைப் பொட்டலத்தை எடுத்து அவர் கையில் வைத்தார். "குழந்தைங்களுக்கு. நம்ம போதி சாமி ஊருதான்."

துறவி இரண்டு கையாலும் வாங்கி, நெற்றி வரை உயர்த்தி, அங்கேயே ஒன்றை எடுத்துக் கடித்தார். அந்த அறையில் கடக் என்று கேட்டது. கண்ணை மூடிக்கொண்டு, அவசரமே இல்லாமல், கடைசித் துணுக்கு வரை மென்றார். அப்புறம் இன்னொன்று எடுத்தார்.

அது கடைசிப் பொட்டலம். இன்னும் டோக்கியோ முழுசாகப் பாக்கி இருக்கிறது. ராத்திரி கேட்டால் அத்தை, "பசிச்சா உன் புருஷனைத் தியானம் பண்ணச் சொல்லு" என்கிறார்.