பில் அடிபடுது, ரிப்போர்ட் வருதில்லை: கிறிஸ்டல் 8.5ஐ விண்டோஸ் 11க்கு ஏற்றிய கதை

கொழும்பு புறக்கோட்டையில் ஒரு மொத்த வியாபாரக் கடை. கணக்கு மென்பொருள் விபி6இல் (விஷுவல் பேசிக் 6) எழுதியது, ரிப்போர்ட்டுகள் கிறிஸ்டல் ரிப்போர்ட்ஸ் 8.5 என்ற பழைய ரிப்போர்ட் மென்பொருளில் செய்தவை. விண்டோஸ் 7, 32 பிட் கணினியிலிருந்து விண்டோஸ் 11க்கு மாற்றினோம். டேட்டாபேஸ் அரை மணித்தியாலத்தில் முடிந்தது. "தம்பி, பில் அடிபடுது, ரிப்போர்ட்தான் வருதில்லை" என்று முதலாளி கூப்பிட்ட பிறகுதான் வேலை தொடங்கியது.

ரிப்போர்ட் பட்டனை அழுத்தினால் பிழை 429. ரிப்போர்ட்டைத் திறக்கும் கிறிஸ்டலின் துணைக் கோப்பான கிராக்ஸ்டிஆர்டி.டிஎல்எல் விண்டோஸில் பதிவாகவில்லை என்று இங்கே அர்த்தம். விபி6 மென்பொருள் ஓடத் தேவையான ரன்டைம் விண்டோஸ் 11உடனேயே வருகிறது, அதைத் தேடி அலைய வேண்டாம். கிறிஸ்டலின் கோப்புகளை நாம்தான் கொண்டுபோக வேண்டும். மென்பொருளை விற்ற இடத்தில் இன்ஸ்டோலர் கேட்டால், "அது பழசு, புதுசு வாங்குங்கோ" என்பதோடு சரி.

இந்த இடத்தில்தான் பலர் இணையத்தில் டிஎல்எல் தேடுவார்கள். செய்யாதீர்கள். பெயர் அதேதான், உள்ளே பதிப்பு வேறாக இருக்கும்; வைரஸ் வந்தால் அது தனிக் கதை. பழைய ஹார்ட் டிஸ்க்கில் எல்லாம் இருக்கிறது. எங்கள் விஷயத்தில் அந்தப் பெட்டி முதலாளியின் வெள்ளவத்தை வீட்டில் கிடந்தது. 100ஆம் இலக்க பஸ்ஸில் காலி வீதி நெரிசலில் போய் வந்ததில் ஒரு பின்னேரம் போனது. பழைய பெட்டியைக் கடையை விட்டு வெளியே அனுப்பும் முன் இரண்டு இடங்களைக் கொப்பி பண்ணிவிடுங்கள்: விண்டோஸுக்குள் இருக்கும் 'கிறிஸ்டல்' ஃபோல்டர் முழுவதும், சிஸ்டம்32இல் அல்லது கிறிஸ்டல் நிறுவிய ஃபோல்டரில் இருக்கும் கிராக்ஸ்டிஆர்டியும், ரிப்போர்ட்டைத் திரையில் காட்டும் சிஆர்வியூவரும். ப்ரொப்பர்ட்டீஸில் பதிப்பு 8 என்று தொடங்குகிறதா என்றும் பாருங்கள்.

அடுத்தது நாங்கள் விட்ட பெரிய பிழை. பழைய கணினியில் சிஸ்டம்32இல் இருந்தது என்று புதியதிலும் அங்கேயே போட்டோம். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்பது 64 பிட் கோப்புகளின் வீடு. எங்களுடையது போன்ற 32 பிட் கோப்புகளுக்கு சிஸ்வவ்64 என்ற ஃபோல்டர். பெயர் தலைகீழாக இருப்பதால் ஏமாறாதவர் குறைவு. 32 பிட் மென்பொருள் சிஸ்டம்32 என்று கேட்டாலும் விண்டோஸ் அதைச் சத்தமில்லாமல் சிஸ்வவ்64க்குத் திருப்பிவிடும். கோப்பு நம் கண்முன்னே இருக்கும், மென்பொருளோ இல்லை என்று சாதிக்கும். இரண்டு மணித்தியாலம் அதிலேயே போயிற்று.

சரியான முறை: கோப்புகளை சிஸ்வவ்64இல் போட்டு, கமாண்ட் ப்ரொம்ப்டை அட்மினாகத் திறந்து, கோப்புகளைப் பதிவுசெய்யும் ரெக்எஸ்விஆர்32ஐ, சிஸ்வவ்64இல் உள்ளதையே, முழுப் பாதையோடு ஓட்ட வேண்டும். அட்மினாகத் திறக்காவிட்டால் 0x80070005, அதாவது அனுமதி இல்லை என்ற பிழை வரும். யூ2, பி2 என்று தொடங்கும் கோப்புகளை ரெஜிஸ்டர் பண்ணப் போனால் 'என்ட்ரி பொயின்ட் இல்லை' என்று வரும். பயப்பட வேண்டாம், அவற்றுக்குப் பதிவு தேவையில்லை. புதிய கணினியின் விண்டோஸுக்குள் கொப்பி பண்ணிய கிறிஸ்டல் ஃபோல்டரில் இருந்தாலே போதும்.

பிறகு ரிப்போர்ட் திறந்தது, ஆனால் தரவு வரவில்லை. காரணம் ஓடிபிசி, அதாவது மென்பொருளை டேட்டாபேஸோடு இணைக்கும் விண்டோஸ் வசதி. அதை அமைக்கும் கருவி இரண்டு, கோப்புப் பெயர் ஒன்றே. ஸ்டார்ட் மெனுவில் 32 பிட் என்று போட்டிருப்பதைத் திறந்து, யூசர் டிஎஸ்என்னில் அல்ல, சிஸ்டம் டிஎஸ்என்னில் இணைப்பின் பழைய பெயரையே எழுத்துப் பிசகாமல் கொடுங்கள். யூசரில் போட்டால் காசாளர் தன் பெயரில் லொகின் பண்ணும்போது காணாமல் போகும்.

பிடிஎஃப்தான் உயிரை வாங்கியது. 'எக்ஸ்போர்ட் டிஎல்எல் இல்லை அல்லது பழையது' என்ற பிழை. பிடிஎஃப் எக்ஸ்போர்ட்டுக்கான சிஆர்எக்ஸ்எஃப்_பிடிஎஃப் கோப்பு இருக்கிறது, பதிப்பும் சரி. அந்தச் செய்தி குறை எங்கே என்று சொல்வதில்லை. அந்தக் கோப்பு கூப்பிடும் இன்னொரு கோப்பு இல்லாவிட்டாலும் அதே வசனம்தான். எந்த மென்பொருள் எந்தக் கோப்பைத் தேடுகிறது என்று காட்டும் மைக்ரோசொஃப்ட்டின் ப்ராசஸ் மொனிட்டரை ஓட்டி, மென்பொருளின் பெயரையும் 'நேம் நொட் ஃபவுண்ட்' என்பதையும் வடிகட்டியாகப் போட்டோம். நூற்றுக்கணக்கில் வரிகள் வரும். விண்டோஸ் ஒவ்வொரு ஃபோல்டராகத் தேடுவதால் அவற்றில் பெரும்பாலானவை சாதாரணம். பிறகு 'நேம் நொட் ஃபவுண்ட்' வடிகட்டியை எடுத்துவிட்டு, எந்தப் பெயர் கடைசிவரை 'சக்சஸ்' ஆகவே இல்லை என்று பாருங்கள். எங்களுக்கு அது எக்ஸ்போர்ட்மொடலர்.டிஎல்எல். பழைய டிஸ்க்கில் இருந்தது. கொண்டுவந்து போட்டதும் முதல் அழுத்திலேயே பிடிஎஃப் வந்தது.

கடன் பட்டியலில் 'மொத்தம்' இருக்க வேண்டிய இடத்தில் என், கே, எச், ஜே, அரைப்புள்ளி என்று ஆங்கிலக் குப்பை. கிறிஸ்டல் 8.5க்கு யூனிகோட் தெரியாது, அது 9இல்தான் வந்தது. இந்த ரிப்போர்ட்டுகளில் இருப்பது பாமினி, ஆங்கில எழுத்துகளின் இடத்தில் தமிழ் வடிவங்களைக் காட்டும் பழைய எழுத்துரு. எழுத்துருவை 'எல்லாப் பயனாளர்களுக்கும்' என்று தெரிவுசெய்து நிறுவ வேண்டும். வெறும் இன்ஸ்டோல் கொடுத்தால் நிறுவியவருக்கு மட்டும் தமிழ் தெரியும்.

எக்ஸெல் எக்ஸ்போர்ட் இன்னும் வேலை செய்யவில்லை. அதற்கான யூ2 கோப்பு பழைய டிஸ்க்கிலேயே இல்லை. முதலாளியிடம் கேட்டால், "அதை ஒரு நாளும் அமத்திப் பார்க்கேல்லை தம்பி" என்கிறார்.