மந்திரவாதிக்கு ஐஸ் எதற்கு?

பகலில் பாலிடெக்னிக்கில் தெர்மல் பாடம் எடுக்கிறேன். ராத்திரியில் ஒரு மாயாஜால நாவல் எழுதுகிறேன். இரண்டும் முட்டிக்கொள்ளாமல் இருக்குமா? முட்டியது. அந்தக் கதையைத்தான் சொல்லப் போகிறேன்.

என் மகள் விளையாடும் கேம்களில் மந்திர சக்தி ஒரு நீலப் பட்டையாக இருக்கும். பெயர் மானா. மந்திரம் போட்டால் குறையும், சும்மா நின்றால் மொட்டைமாடி டேங்க் மாதிரி தானாக நிரம்பும். பசிபிக் தீவு மக்களின் சொல் அது. காட்ரிங்டன் என்ற பாதிரியார் மெலனீசியர்களைப் பற்றி 1891-ல் எழுதிய நூல் வழியாகத்தான் வெளியுலகில் பரவலானது. அந்த மக்களிடம் அது எவ்வளவோ ஆழமான விஷயம். கேமில் வெறும் அளவு. எனக்கு ஒரே சந்தேகம்தான்: எங்கிருந்து நிரம்புகிறது?

என் உலகத்தில் மந்திரம் ஓடுவது வெப்பத்தில். ஆனால் வெப்பத்தை அப்படியே எடுத்து வேலை வாங்கலாம் என்று விட்டால் கதை படுத்துவிடும். 70 கிலோ ஆளைப் பத்து மீட்டர் உயரத்துக்குத் தூக்க ஏறக்குறைய 7,000 ஜூல் சக்தி போதும். ஒரு லிட்டர் தண்ணீரை 2 டிகிரி குளிர வைத்தாலே 8,000-க்கு மேல் வந்துவிடும். ஒரு செம்புத் தண்ணீர் இருந்தால் மூன்றாவது மாடிக்குப் பறக்கலாம் என்றால், கம்மாய் ஓரத்தில் நிற்கும் மந்திரவாதியை எந்த ராஜா என்ன செய்ய முடியும்?

இங்கேதான் சாடி கார்னோ வருகிறார். நீராவி எஞ்சினைப் பற்றி 1824-ல் யோசித்து எழுதிய பிரெஞ்சுக்காரர். சூடு மட்டும் இருந்தால் வேலை நடக்காது, குளிர்ச்சியும் வேண்டும். ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குச் சூடு இறங்கும்போது நடுவில் நின்று வாங்குவதுதான் வேலை. அதை அப்படியே தூக்கி என் உலகத்தின் வேதமாக்கிவிட்டேன். அங்கே மந்திர சக்தி என்று தனியாக ஒரு பொருளே கிடையாது. வித்தியாசம்தான் சக்தி. அதற்கு அவர்கள் வைத்த பெயர் 'இறக்கம்'.

மந்திரவாதியின் உடம்பு 37 டிகிரி. வெளியே 25 என்றால் அவன் உடல் சூட்டில் நூற்றுக்கு 4 பங்குகூட மந்திரமாக மாறாது. வெளியே மைனஸ் 20 என்றால் 18 பங்கு. (டிகிரியோடு 273-ஐக் கூட்டி, கெல்வினில் போட்டுப் பாருங்கள். பரீட்சையில் பாதிப் பேர் மார்க்கைத் தொலைப்பது அங்கேதான்.) வெளியேயும் 37 என்றால் சுத்தமாகப் பூஜ்யம். "அப்போ மே மாசம் மெட்ராஸ் வந்தா உங்க ஆளு ஆட்டோதான் பிடிக்கணும்ப்பா" என்றாள் மகள். சரியாகத்தான் சொன்னாள். அதனால்தான் என் சமவெளி ராஜாவுக்கு ஐஸ் தங்கத்தைவிட உசத்தி. மலையிலிருந்து வெட்டி, மரத்தூளில் பொதிந்து கொண்டுவருகிறார்கள். கிடங்குக்கு மாதிரி நம் மெரினா பக்கத்து ஐஸ் ஹவுஸ். பாஸ்டன் வியாபாரி டூடர், அமெரிக்க ஏரி ஐஸைக் கப்பலில் கொண்டுவந்து வைக்க 1842-ல் கட்டியது. இப்போது விவேகானந்தர் இல்லம்.

அப்புறம் மதம். ஒவ்வொரு மந்திரமும் சூட்டையும் குளிரையும் கொஞ்சம் சமன் செய்கிறது. எல்லாம் ஒரே வெதுவெதுப்பாகிவிட்டால் காற்றுகூட அசையாது, உலகம் முடிந்தது. நம் உலகத்தில், அந்த அளவுக்குப் பெயர் தந்த விஞ்ஞானி கெல்வின் 1852-லேயே இந்தப் பயத்தை எழுதிவிட்டார். என் உலகத்தில் இதைச் சொல்பவர்கள் அடக்கர்கள். இறக்கத்தை வீணாக்குவது அவர்களுக்குப் பாவம். கஞ்சியை ஆற விடுவதும் பாவம், எனவே கொதிக்கக் கொதிக்கக் குடிப்பார்கள். நாக்கு வெந்து, 'ர'கரம் வராமல் ஜபம் சொல்பவன்தான் பெரிய பக்திமான். வயிற்றுக்குள் போனாலும் அதே கணக்குதானே என்று அவர்களிடம் சொல்ல இதுவரை எந்தப் பாத்திரத்துக்கும் நான் தைரியம் கொடுக்கவில்லை.

இந்தக் கூட்டத்துக்கு நடுவில் ஒரு குயத்தி. குழி வெட்டி, காய்ந்த சோளத்தட்டையைப் பரப்பி, அதன்மேல் ஆழமில்லாத மண் தட்டுகளில் தண்ணீர் ஊற்றி வைக்கிறாள். விடிந்தால் ஐஸ். இது என் சரடு இல்லை. அலகாபாத்தில் இப்படித்தான் ஐஸ் எடுத்தார்கள் என்று ராபர்ட் பார்க்கர் 1775-ல் எழுதியிருக்கிறார். காற்று உறைநிலைக்கு வராத இரவிலும் தட்டின் சூடு தெளிந்த வானத்துக்குப் போய்விடும். விண்வெளியின் குளிர் மைனஸ் 270.

குயத்தி கண்டுபிடித்தது ஐஸை மட்டும் இல்லை. பகலில் சூரியன், இரவில் அந்தப் பெரும் குளிர்: இறக்கம் தினமும் புதிதாக வந்து இறங்குகிறது. அடக்கர்களின் கடைசி நாள் எங்கோ தள்ளிப் போகிறது. ராஜாவின் கிடங்குக்கு மதிப்பில்லை. வானத்துக்கு வரி போட முடியாதே! அதனால் அவன் இரண்டு விரல் ஆழத்துக்குக் குறைவான மண் தட்டு செய்யக்கூடாது என்று சட்டம் போடுகிறான். குயவர் தெருவில் சோதனை, தட்டுகளை உடைத்தல் என்று இரண்டு அத்தியாயம் எழுதியாகிவிட்டது.

ராஜாவின் ஆள் ஒருவன் இப்போதுதான் ஒன்றைக் கவனித்திருக்கிறான்: மேகம் மூடிய இரவில் ஐஸ் பிடிப்பதில்லை. படை ஐப்பசியில் கிளம்பும்.