ஏழுமேட்டு மலைக்கு ஒரு பஞ்சாங்கம்: இதுவரை வந்திருக்கும் இடம்

என் கற்பனை உலகத்தில் ஊர் இரண்டு. மேலே ஏழுமேடு என்ற மலை, கீழே மணிக்கரை என்ற நெசவு ஊர். ஏற்காட்டையும் சேலத்தையும் பார்த்து வளர்ந்ததால் மலையும் அதன் அடிவாரமும் சேர்ந்துதான் எனக்கு ஓர் உலகமாகத் தோன்றுகிறது. அந்த உலகத்துக்குப் பஞ்சாங்கம் போடுவதுதான் கொஞ்ச நாளாக என் வேலை.

முதலில் வானத்தை முடிவு செய்தேன். ஆண்டுக்கு 402 நாளும் 9 மணி நேரமும். நிலா ஒன்றே ஒன்று. ஒரு பௌர்ணமிக்கும் அடுத்ததற்கும் நடுவில் முப்பத்தொன்றரை நாள். பன்னிரண்டு மாதம் போனால் 378 நாள் ஆகும், ஆண்டில் 24 நாளுக்கு மேல் மிச்சம். நம் பூமியில் இந்த மிச்சம் 11 நாள் போலத்தான் வரும். அதனால் பூமியில், மிச்சத்தை ஈடுகட்ட இடையில் கூட்டும் அதிக மாதம் 19 ஆண்டுக்கு 7 சேர்த்தால் போதும்: 235 மாதமும் 19 ஆண்டும் இரண்டு மணி நேர வித்தியாசத்தில் ஒட்டிக்கொள்கின்றன. மணிக்கரைக்கு அதே வழியில் எக்செல்லில் கணக்குப் போட்டால் 22 ஆண்டுக்கு 17 அதிக மாதம் வருகிறது. மொத்தம் 281 மாதம், பிசகு முக்கால் நாள்.

அப்படியென்றால் 22 ஆண்டில் 17 ஆண்டுக்குப் பதின்மூன்று மாதம். நமக்கு அதிக மாதம் எப்போதோ வருவது. அவர்களுக்கு அதுதான் வழக்கம். நான்கைந்து ஆண்டுக்கு ஒருமுறை பன்னிரண்டே மாதத்தில் முடியும் ஆண்டுதான் விசேஷம். அதற்குக் குறை ஆண்டு என்று பெயர் வைத்தேன். பெயர் வைத்ததும் கேள்விகள் வரிசையாக வந்தன. குத்தகையை ஆண்டுக்கு இவ்வளவு என்று பேசியிருந்தால், குறை ஆண்டில் குத்தகைக்காரனுக்கு ஒரு மாத விளைச்சல் போகும், பணம் மட்டும் முழுசாகக் கட்ட வேண்டும். வட்டியோ மாதக் கணக்கு, ஆகவே கடன் வாங்கியவனுக்குக் கொஞ்சம் மூச்சு விடலாம். எந்த ஆண்டு குறை ஆண்டு என்று அறிவிக்கும் உரிமை யார் கையில் இருக்கிறதோ, அவர்தான் ஊரில் பெரிய ஆள். மணிக்கரையில் அந்த உரிமையைக் கோயில் கணக்கருக்குக் கொடுத்திருக்கிறேன்.

அப்புறம் ஆண்டுப் பிறப்பு. இதற்காக மொட்டை மாடியில் ஒரு கம்பு நட்டேன். கொத்தனாரிடம் தூக்குக்குண்டு வாங்கிச் செங்குத்தா என்று பார்த்து, நடுப்பகல் நிழலின் நுனியைச் சுண்ணாம்பால் குறித்துவருகிறேன். சேலத்தில் சூரியன் உச்சிக்கு வருவது பன்னிரண்டு மணிக்கு அல்ல. நவம்பர் தொடக்கத்தில் 12.01 போல, பிப்ரவரி நடுவில் 12.32 போல. கடிகார நேரத்தை நம்பாமல், நிழல் மிகக் குறுகும் நேரத்தைத்தான் எடுக்க வேண்டும். நம் அட்சரேகையில் ஏப்ரல் 21 வாக்கிலும் ஆகஸ்டு 22 வாக்கிலும் கம்புக்கு நிழலே இருக்காது. இரண்டும் ஆண்டைச் சரிபாதியாக வெட்டுவதில்லை. ஒரு பக்கம் 123 நாள், இன்னொரு பக்கம் 242. என் உலகத்துக்கும் சேலத்தின் அட்சரேகையையும் பூமியின் சாய்வையும் கொடுத்தால் 136 நாள், 266 நாள் என்று பிரிகிறது. மணிக்கரை கோயிலில் ஒரு கல்தூண். தொடக்கத்தில் முதல் நிழலில்லா நாளை ஒட்டிய அமாவாசைக்கு மறுநாள் ஆண்டுப் பிறப்பு, அதற்குப் பிறகு 22 ஆண்டுக் கணக்குப்படி. சின்னப் பகுதி வெயிலும் விதைப்பும், பெரிய பகுதி தறியும் திருவிழாவும்.

மலைக்கு இந்தத் தூண் சரிவராது என்பது ஏற்காடு போகும்போதெல்லாம் தெரிகிறது. சேலத்தில் வெயில் தலையைப் பிளக்கிற காலத்தில் மேலே வேறு கவலை. மார்ச், ஏப்ரலில் ஒரு நல்ல மழை விழுந்தால், எட்டு பத்து நாளில் காப்பிச் செடி முழுக்க வெள்ளையாகப் பூத்துவிடும். பூ சில நாள்தான் நிற்கும். அந்த மழை தவறினால் நவம்பருக்கு மேல் பறிக்க வேண்டிய பழம் குறைந்துபோகும். இப்படி வாழ்கிறவர்கள் தூணின் நிழலைப் பார்த்து ஆண்டைத் தொடங்குவார்கள் என்று எனக்குத் தோன்றவில்லை. ஏழுமேட்டின் விதி இது: பன்னிரண்டு மாதம் முடிந்ததும் பூமழை வந்துவிட்டதா என்று பார்ப்பார்கள். வந்திருந்தால் புது ஆண்டு. வராவிட்டால் இன்னொரு மாதம் பொறுப்பார்கள். அதன் பெயரே பொறுத்த மாதம்.

இந்த ஒரு விதியால் மலையும் அடிவாரமும் சில ஆண்டுகளில் ஒரு மாதம் பிரிந்து நிற்கும். மலைப் பெண்ணுக்கும் மணிக்கரைப் பையனுக்கும் கல்யாணம் பேசினால் முகூர்த்த மாதமே இரண்டு. சேலத்தில் இது புதிதல்ல. தெலுங்கும் கன்னடமும் பேசும் குடும்பங்கள் நிறைய உள்ள ஊர் இது. ஒரே தெருவில் ஒரு வீட்டில் யுகாதி, பக்கத்து வீட்டில் சித்திரை முதல் நாள். இரண்டு வீட்டுப் பலகாரமும் இரண்டு வீட்டுக்கும் போகும். என் கதையில் அந்தச் சுமுகம் உடையும் காலத்தைத்தான் எழுதப்போகிறேன்.

உடைவதற்கான காரணமும் கணக்கிலேயே இருந்தது. முக்கால் நாள் பிசகு 22 ஆண்டில் ஒன்றுமில்லை. 42 சுற்று போனால், அதாவது 924 ஆண்டில், முழுசாக ஒரு மாதம். அதற்குள் மணிக்கரையின் ஆண்டுப் பிறப்பு நிழலில்லா நாளைவிட்டு ஒரு மாதம் முன்னால் வந்திருக்கும். நம் சித்திரைக்கு நடந்திருப்பது இதன் மறுபக்கம்: நட்சத்திரங்களை வைத்து எண்ணும் ஆண்டு, பருவங்களின் ஆண்டைவிடச் சுமார் 20 நிமிடம் நீளம், எழுபது ஆண்டுக்கு ஒரு நாள் தள்ளித் தள்ளி, ஒரு காலத்தில் பகலும் இரவும் சமமான நாளோடு இருந்த மேஷ சங்கராந்தி இப்போது ஏப்ரல் 14-இல் நிற்கிறது. ஆகவே கதையை 921-ஆம் ஆண்டில் வைத்தேன். கோயில் கணக்கர் ஒரு மாதம் கூட்டியாக வேண்டும். கூட்டினால் மலைக்காரர்களின் கணக்குத்தான் சரி என்று ஒப்புக்கொண்டதாகிவிடும், ஏனென்றால் மழையைப் பார்த்து எண்ணுகிறவர்களுக்குப் பிசகு சேர்வதே இல்லை.

ஆண்டுகளுக்குப் பெயர் வைப்பது எளிதாக முடிந்தது. பிரபவ முதல் அட்சய வரை அறுபது போல இங்கே இருபத்திரண்டு. பிறந்த ஆண்டின் பெயர் திரும்பி வரும்போது நாம் சஷ்டியப்தபூர்த்தி செய்கிறோம். மணிக்கரையில் அது இருபத்திரண்டு வயதில் வரும், அன்றுதான் தறியில் தனியாக உட்கார அனுமதி.

இப்போது கையில் இருப்பது மலை மாதங்களின் பெயர்கள். இதில்தான் அதிக நேரம் போகிறது, போகட்டும் என்றே விட்டிருக்கிறேன். ஏற்காட்டுக்குக் காப்பி வந்தது 1820-களில், சேலம் கலெக்டராக இருந்த காக்பர்ன் மூலமாக. அதற்கு முன்னால் சேர்வராயன் மலை மக்களின் ஆண்டு சாமையும் கேழ்வரகும் சார்ந்தது. ஏழுமேட்டிலும் வெளியிலிருந்து வந்த செடி ஒன்று புது மாதப் பெயர்களைக் கொண்டுவந்திருக்க வேண்டும். கிழவிகள் மட்டும் பழைய தானியப் பெயரையே சொல்வார்கள். பூமழை, பொறுத்த மாதம், பலா, மூடுபனி, பழம்பறி ஆகியவை முடிவாகிவிட்டன. சாமைக் கதிர் மாதத்தை எங்கே வைப்பது என்பதற்கு, அறுவடை சமயத்தில் மலைக் கிராமம் ஒன்றுக்குப் போய்ப் பார்த்துவிட்டு எழுதுகிறேன்.