38-ஆவது கார்ட்டூன் எங்கே?

பழைய கார்ட்டூன் டிஸ்க் சேர்க்கிற ஆசாமி இருக்கும் வீட்டில், பார்சல் வருகிற நாள் எப்போதும் ஒரே மாதிரிதான் போகும். கூரியர்காரர் மணி அடிப்பார். பபிள் ராப் வெடிக்கிற சத்தம் கேட்டு அம்மா அடுப்படியிலிருந்து எட்டிப் பார்ப்பார்.

“ஏன்டா, இதே பூனை, இதே எலி போன வருசமே வந்துச்சே?”

“அது டிவிடிம்மா. இது புளூரே.”

“அதுக்கு முந்தி வந்தது?”

“அது வேற தொகுப்பு.”

“எலியும் வேற எலியா?”

இதற்கு நேர்மையான பதில் உண்டு. சொல்லி முடிப்பதற்குள் சாம்பார் அடிபிடித்துவிடும், அவ்வளவுதான்.

கணக்கைப் பாருங்கள். வில்லியம் ஹன்னாவும் ஜோசப் பார்பெராவும் எம்.ஜி.எம். ஸ்டுடியோவில் 1940 முதல் 1958 வரை எடுத்த டாம் அண்ட் ஜெர்ரி குறும்படங்கள் மொத்தம் 114. அவற்றில் 7 ஆஸ்கர் வாங்கியவை. ஒன்று சுமார் 7 நிமிடம் என்று வைத்தால் எல்லாம் சேர்ந்து பதிமூன்றரை மணி நேரம்கூட வராது. சனி, ஞாயிறு உட்கார்ந்தால் தீர்ந்துபோகிற சமாசாரம். இதை அலமாரியில் குறையில்லாமல் அடுக்க இருபது வருடத்துக்கு மேல் ஆனது.

2004 முதல் 2007 வரை ‘ஸ்பாட்லைட் கலெக்‌ஷன்’ என்று மூன்று டிவிடி தொகுதிகள் வந்தன. மூன்றையும் வாங்கி வைத்து எண்ணினால் இரண்டு குறையும். 1948-இல் வந்த ‘மவுஸ் கிளீனிங்’, 1951-இல் வந்த ‘கேசனோவா கேட்’. முகத்தில் கரி அப்பிக் கறுப்பினத்தவரைக் கேலி செய்யும் காட்சிகள் இருந்ததால் இரண்டையும் சேர்க்கவில்லை. 2011-இல் புளூரேயில் ‘கோல்டன் கலெக்‌ஷன்’ முதல் தொகுதி வந்தது. வெளியான வரிசைப்படி 37 படங்கள். 38-ஆவது எது தெரியுமா? அதே ‘மவுஸ் கிளீனிங்’. 2013-இல் இரண்டாம் தொகுதி வரப்போவதாக அறிவித்தபோது அதிலும் அந்த இரண்டையும் காணோம். சேகரிப்பவர்கள் கொதித்தார்கள். தொகுதியே ரத்தாகிவிட்டது. ரெண்டு இட்லி குறையுது என்று சொன்னதற்கு ஓட்டலையே இழுத்து மூடின கதை. அதற்கப்புறம் பல அலமாரிகள் 37-ஓடு அப்படியே நின்றன. 114-உம் ஒரே பெட்டியில், ஆறு புளூரே டிஸ்க்காக வந்தது 2025 டிசம்பரில்தான்.

சரி, எலி வேற எலியா? எலி அதே எலிதான். வீட்டிலிருக்கும் அம்மாளின் குரல்தான் வேறு. டாமைத் துடைப்பத்தால் விரட்டும், கால் மட்டுமே தெரியும் அந்தப் பெண்மணிக்கு முதலில் குரல் கொடுத்தவர் லில்லியன் ராண்டால்ஃப். 1990-களில் தொலைக்காட்சிக்காகத் தியா விடேல் குரலில் மறுபதிவு செய்தார்கள். அந்த மறுபதிவு தவறிப்போய் சில டிவிடி படங்களிலும் ஏறிவிட்டது. அதனால் புதுப் பெட்டி வந்ததும் சண்டைக் காட்சியைப் போடுவதற்கு முன், அந்தம்மாள் “தாமஸ்!” என்று கத்தும் இடத்தைப் போட்டுக் கேட்பது வழக்கம். பக்கத்து வீட்டுக்காரருக்கு இது விசித்திரமாகத்தான் படும்.

அடுத்தது வெட்டு பற்றிய கூச்சல். அமெரிக்க டிஸ்க்கில் 7 நிமிடம் ஓடும் படம் ஐரோப்பிய டிவிடியில் 6 நிமிடம் 43 வினாடிதான் ஓடும். “17 வினாடியை வெட்டிட்டான்!” என்று புதிதாகச் சேர்க்க வந்தவர் துள்ளுவார். எதையும் வெட்டவில்லை. சினிமா பிலிம் வினாடிக்கு 24 ஃப்ரேம், அதாவது 24 தனித்தனிப் படம். ஐரோப்பாவின் ‘PAL’ முறை டிவிடி வினாடிக்கு 25. வினாடிக்கு ஒரு ஃப்ரேம் கூடுதலாக ஓட்டுவதால் 420 வினாடி 403 ஆகச் சுருங்குகிறது. ஸ்காட் பிராட்லியின் இசையும் கொஞ்சம் மேலே ஏறிக் கீச்சென்று கேட்கும். எலிக்கு அது பொருந்தித்தான் போகிறது, நாய் உறுமும்போதுதான் கொஞ்சம் இடிக்கும்.

உண்மையிலேயே எரிச்சல் வர வேண்டிய இடம் வேறு. பழைய பிலிமில் தூசியும் கீறலும் இருக்கும். அதைத் துடைக்க ஒரு டிஜிட்டல் கருவி உண்டு, டி.வி.என்.ஆர். என்பார்கள். அது முன்னும் பின்னும் உள்ள ஃப்ரேம்களோடு ஒப்பிட்டு, ஒரே ஒரு ஃப்ரேமில் மட்டும் எட்டிப் பார்த்து மறையும் கறுப்புப் புள்ளியைத் தூசி என்று முடிவு செய்து அழித்துவிடும். சாதாரணப் படத்துக்குச் சரி. கார்ட்டூனில் வேகமாக ஓடும் ஜெர்ரியின் வால் கோடும் ஒரு ஃப்ரேமில் ஓரிடத்தில் இருக்கும், அடுத்த ஃப்ரேமில் வேறிடத்தில் இருக்கும். கருவிக்கு அதுவும் தூசிதான். விளைவு, நிற்கும்போது முழு எலி. ஓடும்போது கோடு அங்கங்கே கரைந்த எலி. சாதாரணமாகப் பார்த்தால் கண்ணுக்குப் பிடிபடாது. துரத்தல் உச்சத்தில் நிறுத்திவிட்டு, ஒவ்வொரு ஃப்ரேமாக நகர்த்தி மீசை, வால், விரல் மூன்றையும் பார்க்க வேண்டும். பத்து நிமிடமாக ஒரு எலியின் மீசையையே டிவியில் நிறுத்திவைத்துப் பார்க்கிறவனைப் பற்றி வீட்டில் என்ன நினைப்பார்கள் என்பது தனிக்கதை.

நிறமும் சும்மா வருவதில்லை. டெக்னிகலர் காலத்துக் கார்ட்டூனில் ஒவ்வொரு ஓவியத்தையும் சிவப்பு, பச்சை, நீல வடிகட்டிகள் வழியே மூன்று முறை, கறுப்பு வெள்ளை பிலிமிலேயே எடுத்தார்கள். 7 நிமிடப் படம் 35 மி.மீ.யில் 630 அடி என்றால் நெகட்டிவ் 1,890 அடி. புதுப்பிக்கும்போது மூன்றையும் ஒன்றன்மேல் ஒன்று அச்சாக உட்கார வைக்க வேண்டும். பிலிம் சுருங்கியிருந்தால் பூனையின் காதோரம் சிவப்பு விளிம்பு எட்டிப்பார்க்கும். எம்.ஜி.எம்.முக்கு அந்தக் கொடுப்பினையும் குறைவு. 1978-இல் அமெரிக்காவின் ராச்செஸ்டர் நகரில் ஜார்ஜ் ஈஸ்ட்மன் ஹவுஸ் என்ற புகைப்பட அருங்காட்சியகத்தின் கிடங்கில் பிடித்த தீயில், எளிதில் தீப்பற்றும் அவர்களுடைய பழைய நைட்ரேட் நெகட்டிவ்கள் பல எரிந்துபோயின. பழைய டாமைவிட அதே வயது பக்ஸ் பன்னி பளிச்சென்று இருப்பதற்கு முக்கியக் காரணம் அதுதான். உங்கள் டிவியைத் தட்டிப் பயனில்லை.

பக்ஸ் பன்னிக்காரர்களின் நோய் இன்னொரு ரகம். 1940-களில் வார்னர் பிரதர்ஸ் தன் பழைய படங்களை ‘புளூ ரிப்பன்’ என்று மறுவெளியீடு செய்தபோது, தொடக்கத்தில் இருந்த பெயர்ப் பட்டியலை நெகட்டிவிலேயே வெட்டியெடுத்து நீல ரிப்பன் அட்டையை ஒட்டிவிட்டது. இயக்கியவர் யார், வரைந்தவர் யார் எல்லாம் போச்சு. எங்காவது பழைய பிரிண்டில் அந்த அசல் டைட்டில் கிடைத்துப் புதுத் தொகுதியில் சேர்த்துவிட்டால், அந்த இருபது வினாடிக்காக முழுப் பெட்டியை மறுபடி வாங்குகிறவர்கள் இருக்கிறார்கள். இதை வீட்டில் சொல்லாமலிருப்பது உத்தமம்.

மலிவாகக் கிடைக்கும் ‘100 கார்ட்டூன்’ டிவிடிகளில் ஏமாறாதவர் யாருமில்லை. அமெரிக்காவில் அந்தக் காலத்தில் 28 வருடம் கழித்துக் காப்புரிமையைப் புதுப்பிக்காவிட்டால் படம் பொதுச்சொத்து. 1941-43-இல் வந்த 17 சூப்பர்மேன் படங்கள், போபாயின் மூன்று நீளமான வண்ணப் படங்கள், ‘ஃபாலிங் ஹேர்’, ‘எ கார்னி கன்சர்ட்டோ’ மாதிரி சில வார்னர் படங்கள் இப்படித் தெருவுக்கு வந்தவை. எந்த அட்டையைத் திருப்பினாலும் இதே கூட்டம்தான். ஐந்து பெட்டி வாங்கினால் 500 கார்ட்டூன் கிடைக்காது. ஒரே கார்ட்டூன் ஐந்து விதமான மங்கலில் கிடைக்கும்.

வாங்கின பெட்டியைச் சோதிப்பதுதான் முக்கியமான வேலை. பிரிக்கும் முன் காதருகே வைத்து மெதுவாக ஆட்டுங்கள். கடகடவென்றால் நடுப்பல் உடைந்து டிஸ்க் உள்ளே உலாப் போயிருக்கிறது. பிறகு குழல்விளக்கில் பிடித்துப் பாருங்கள். ஊசித்துளி வெளிச்சமோ, விளிம்பில் மேகம் போன்ற மங்கலோ இருந்தால் சந்தேகம். டிவிடி என்பது 0.6 மி.மீ. தகடுகள் இரண்டைப் பசையால் ஒட்டியது. ஒட்டு சரியில்லையென்றால் உள்ளிருக்கும் உலோகப் பூச்சு கெடும். 2006 முதல் 2008 வரை தயாரான சில டிவிடிகளில் சிக்கல் இருக்கலாம் என்று வார்னர் நிறுவனமே 2025-இல் ஒப்புக்கொண்டது. பக்ஸ் பன்னி வரும் லூனி ட்யூன்ஸ் கோல்டன் கலெக்‌ஷனின் 4, 5, 6-ஆம் தொகுதிகளும் போபாய் தொகுதிகளும் அந்த ஆண்டுகளில் வந்தவை. முதலில் அவற்றைப் பாருங்கள்.

பார்ப்பதிலும் ஒரு சூட்சுமம். எல்லாரும் முதல் கார்ட்டூனைப் போட்டுப் பார்த்து “நல்லா ஓடுது” என்று மூடி வைத்துவிடுவார்கள். இரண்டடுக்கு டிவிடியில் லேசர் முதல் அடுக்கை உள்ளிருந்து வெளியே படித்து, விளிம்பில் அடுத்த அடுக்குக்கு மாறி உள்ளே திரும்பும். கேடு பெரும்பாலும் விளிம்பில். ஆகவே 15 கார்ட்டூன் உள்ள டிஸ்க்கில் 7, 8, 9 ஓடுகிறதா என்று பார்க்க வேண்டும். இன்னும் நல்லது, டிஸ்க் முழுவதையும் கம்ப்யூட்டரில் ஹார்ட் டிஸ்க்குக்கு ஏற்றிப் பார்ப்பது, அதிகபட்சம் 8.5 ஜிபி. வேகம் திடீரென்று விழுகிற இடம்தான் வலிக்கிற இடம். ஆனால் எந்த நாட்டு டிஸ்க்கை ஓட்டுவது என்பதைக் குறிக்கும் ரீஜன் எண்ணைக் கம்ப்யூட்டர் டிரைவில் ஐந்து முறைதான் மாற்றலாம். இந்திய டிஸ்க் 5, அமெரிக்க டிஸ்க் 1 என்று மாற்றி மாற்றி விளையாடினால் கடைசியாக வைத்ததோடு பூட்டிக்கொள்ளும்.

அழுக்கைத் துடைக்கும்போது நடுவிலிருந்து விளிம்புக்கு நேராகத் துடைக்கவும். தோசைக்கல்லில் எண்ணெய் தேய்ப்பது போல வட்டமாகத் தேய்த்தால், விழும் கீறல் தகவல் பதிந்த தடத்தோடே ஓடிப் பிளேயரின் பிழைதிருத்தம் சமாளிக்க முடியாமல் போகும். மேலே காகித ஸ்டிக்கர் ஒட்டவே கூடாது. சுழலும்போது எடை ஒரு பக்கம் சாயும்.

இத்தனையும் முடித்து எக்செலில் ஏற்றிய பிறகு அம்மா மறுபடி வருவார்.

“புதுசுலதான் எல்லாம் இருக்குல்ல? பழசைக் கீழ் வீட்டுப் பையனுக்குக் குடுத்துடலாமே?”

“பழசுல கமெண்டரி இருக்கும்மா.”

“கெட்டுப்போச்சுன்னியே, அந்த ஒண்ணு?”

அந்த ஒன்றுக்கு மட்டும் பதில் இருக்காது. மறுநாள் அது மொட்டை மாடியில், வடாம் காயும் இடத்துக்கு மேலே கொடியில், காக்காய் விரட்டத் தொங்கும்.

“பளபளப்பான பக்கம் வெளியே தெரியணும்மா.”

“போடா, பூனைப் பக்கம்தான் தெரியணும். காக்காய்க்குப் பூனைன்னாத்தான் பயம்.”