மத்தளத்தில் கை வைக்க முதல்: கூத்து நடத்தப் பழகுவோருக்கு

மேற்கத்தைய ஓபராவில் நடத்துநர் மேடைக்கு முன்னாலுள்ள பள்ளத்தில் நின்று கோலை அசைப்பார். பாடகர்கள் அவரைப் பார்த்துப் பாடுவார்கள். எங்கள் வட்டக்களரியில், சனம் சுற்றியிருக்கும் வட்டமான ஆடுகளத்தில், அதற்கு வழியில்லை. கூத்தைப் பழக்கி மத்தளம் வாசித்து நடத்தும் அண்ணாவியார் நடுவில் நிற்க, ஆட்டக்காரர் சுற்றி வருவதால் பாதி நேரம் அவர் அண்ணாவியாரின் முதுகுப் பக்கம்தான். அதனால் சைகை எல்லாம் காதுக்குத்தான் போகவேண்டும். மத்தளம்தான் இங்கே கோல்.

மட்டக்களப்புக் கல்லடியில் அழகியல் கற்கை படிப்பவர்களும், உயர்தரத்துக்கு நாடகமும் அரங்கியலும் எடுத்தவர்களும் நேரே மத்தளத்தைத் தூக்கிவிடுகிறார்கள். வேண்டாம். ஆட்டத்துக்குரிய சொற்கட்டான தாளக்கட்டை முதலில் வாயால் சொல்லுங்கள், பிறகு காலால் ஆடுங்கள், கடைசியில் வாசியுங்கள். ஆடிப் பார்க்காதவருக்கு எந்த அடியில் கால் சுணங்கும் என்று தெரியாது. அந்த இடத்திலேயே கையை ஓட்டிவிடுவார்.

அதிகம் பிழைக்கும் இடம், பாத்திரம் முதலில் களரிக்குள் வந்து ஆடும் வரவு ஆட்டம். சனம் ஆரவாரிக்கும்போது கை தானாக வேகம் பிடிக்கும். ஆட்டத்தை முடித்துவைக்கும் தீர்மானம் முடிந்த கையோடு ஆட்டக்காரர் தாளமில்லாமல் இழுத்துப் பாடும் விருத்தம் எடுக்கவேண்டும்; மூச்சு வாங்கினால் முதல் அடியிலேயே குரல் உடையும். அவரது தோளைப் பாருங்கள். தோள் ஏறி இறங்கினால் தீர்மானத்துக்குப் போகாமல், தாளக்கட்டை இன்னுமொரு முறை தணித்து வாசியுங்கள். தரு என்னும் தாளப் பாட்டின் நடுவில் மூச்சு முட்டினால் பிற்பாட்டுக்காரர் பாட்டடியை வாங்கி மடக்கிப் பாடட்டும். இந்த ஏற்பாட்டை, அரங்கேற்றத்துக்கு முன் ஆடிப் பழகும் கிழமைக் கூத்திலேயே பழக்கிவிட வேண்டும், அரங்கேற்ற இரவில் சொல்லிக்கொடுக்க முடியாது.

வெளியூருக்குக் கூத்துக் கொண்டுபோனால் வெளிச்சம் இருக்கும்போதே களரியைச் சுற்றி நடந்து அடி எண்ணுங்கள். உங்கள் ஊரில் 32 அடியில் முடியும் சுற்று அங்கே 24 அடியில் முடிந்தால், தாளக்கட்டு மிச்சமிருக்க ஆட்டக்காரர் தொடங்கிய இடத்துக்கே வந்து நிற்பார். அடியைக் குறுக்குவதா, சுற்றைக் கூட்டுவதா என்பதை உடுப்புக் கட்டுமுன் பேசி முடியுங்கள். கூத்துக் கொப்பியிலும் அந்த வரவுக்குப் பக்கத்தில் குறித்துவைத்தால், அதைப் பார்த்துப் பாட்டெடுத்துக் கொடுக்கும் ஏடு பார்ப்பவரும் தடுமாறமாட்டார்.

மண்டபத்து மேடை என்றால் குழுவை ஒரு ஓரத்துக்குத் தள்ளிவிடுவார்கள். ஆட்டக்காரரின் கால் தெரியும்படி இடம் கேளுங்கள், முகம் தெரியாவிட்டாலும் பரவாயில்லை. மைக்குக்குக் கிட்டத் தாளக்காரரை நிறுத்தாதீர்கள்; வெண்கல ஓசை மத்தளத்தை விழுங்கிவிடும்.

திறந்தவெளியில் நடுச்சாமம் தாண்டினால் பனியில் தோல் தளர்ந்து நாதம் இறங்கும். மத்தளத்தின் வலப்பக்கமான வலந்தலையைத் தட்டினால் ஈரச் சாக்கில் அடித்ததுபோல் கேட்கும். இறுக்கி இறுக்கிப் பார்த்தால் தோலை இழுத்துக் கட்டிய வார்தான் அறும். தணலுக்குச் சற்றுத் தள்ளிப் பிடித்து, உள்ளங்கையால் தடவிப் பார்த்துப் பார்த்துச் சூடாக்குங்கள். மத்தளம் சூடாகும் அந்த நேரத்துக்கு, வசனம் கூடின கட்டத்தைத் தெரிவுசெய்து வைத்திருங்கள். இரண்டாவது மத்தளம் கைவசம் இருந்தால் இன்னும் நல்லது.