பைப் கடையில் தொடங்கிய ரோகிணி வரிசை

கார்த்திகை மாசம் தோட்டத்துச் சொட்டுநீர்க் குழாய் இரண்டு இடத்தில் வெடித்துவிட்டது. மாற்றுக் குழாய் வாங்கக் காவேரிப்பட்டணத்தில் பைப் கடைக்குப் போயிருந்தேன். சுவரோரம் சிறிசும் பெரிசுமாக அடுக்கியிருந்த குழாய்களில் அளவு அச்சடித்திருந்தது. 63, 75, 90, 110, 125, 140, 160, 200. படித்துக்கொண்டே வந்தவன் நின்றுவிட்டேன். 75, 125, 200. மூன்றும் எனக்குச் சின்ன வயசிலிருந்து தெரிந்த எண்கள்.

மேல்காற்றை அளக்க இஸ்ரோ ஏற்றுகிற ரோகிணி ஆய்வு ராக்கெட்டுகளுக்கு அப்படித்தான் பெயர். ஆர்.எச்.75, ஆர்.எச்.125, ஆர்.எச்.200, ஆர்.எச்.300, ஆர்.எச்.560. எழுத்து ரோகிணியைக் குறிக்கும். எண், ராக்கெட்டின் விட்டம், மில்லிமீட்டரில். பி.வி.சி. குழாயும் அதே கணக்கில்தான் வருகிறது, வெளிவிட்டம் மில்லிமீட்டரில். ஆக, இத்தனை வருஷம் படத்தில் மட்டும் பார்த்த ராக்கெட்டுகளின் நிஜப் பருமன் பைப் கடையில் கிடக்கிறது.

"போர்வெல்லுக்கா, சொட்டுநீருக்கா?" என்று கடைக்காரர் கேட்டார்.

"சொட்டுநீருக்கு ஒரு சுருள். அப்புறம் ராக்கெட் செய்ய 75இல் ஒரு மீட்டர், 125இல் ஒன்றரை மீட்டர் வேணும்ண்ணா."

என்ன ராக்கெட் என்று கேட்டார். சொன்னேன். உள்ளே போய் வெட்டி மிஞ்சிய துண்டுகளைத் தேடி எடுத்து வந்தார். "இதுக்குக் காசு வேண்டாம் தம்பி, செஞ்சு முடிச்சதும் ஒரு போட்டோ காட்டு" என்றார்.

முதலில் 75. மூக்குக் கூம்புக்குக் கட்டில்கால் கடைகிற பெரியவரிடம் போனேன். வேப்பங்கட்டையில் கடைந்து கொடுத்தார். நுனி கூராக வேண்டாம், குழந்தைகள் இருக்கிற வீடு என்று அவரே சற்று மழுக்கிவிட்டார். வால்தகடு நான்கும் அலுமினியத் தகட்டில் வெட்டி, ரிவெட் அடித்துப் பொருத்தினேன். ஒரே நாளில் முடிந்தது. ஒன்பது வயசு மகள் அதை அக்குளில் இடுக்கிக்கொண்டு வீட்டைச் சுற்றி ஓடினாள். அப்போதுதான் அந்த ராக்கெட் எவ்வளவு சிறிசு என்று எனக்கே உறைத்தது. நம் சாப்பாட்டுத் தட்டின் பாதி அகலம்கூட இல்லை.

ஆனால் அந்தச் சிறிசுக்குப் பின்னால் இருக்கிற கணக்கைப் பாருங்கள். 1963 நவம்பர் 21 அன்று கேரளத்துத் தும்பாவிலிருந்து முதல் ராக்கெட் கிளம்பியது. அது அமெரிக்காவின் நைக்கி அப்பாச்சி. அதில் போன சோடியம் ஆவிக் கருவி பிரான்சுடையது. ஆர்.எச்.75 பறந்தது 1967 நவம்பர் 20. நான்கு வருஷத்துக்கு ஒரு நாள் குறைவு. இரவல் ராக்கெட்டில் தொடங்கியவர்கள் அதற்குள் சொந்த ராக்கெட்டை ஏற்றிவிட்டார்கள். ஏறியது 10 கிலோமீட்டர் அளவுதான். இன்றைக்கு விமானம் போகிற உயரம். அந்த 10 கிலோமீட்டரை நான் பெரிதாகத்தான் மதிக்கிறேன்.

125ஐப் பற்றி அதிகம் சொல்ல இல்லை. 75க்குச் செய்ததையே திரும்பச் செய்தேன். 1971 அக்டோபர் 9 அன்று ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து முதன்முதலாகக் கிளம்பியது இந்த 125தான் என்பதை மட்டும் மகளுக்குச் சொல்லி வைத்தேன்.

இந்தச் சமயத்தில் சித்தப்பா வந்திருந்தார். "சந்திரனுக்கே போயாச்சு, இந்தக் குட்டி ராக்கெட் எதுக்கப்பா?" என்று கேட்டார். நல்ல கேள்வி. பலூனை விட்டால் 40 கிலோமீட்டர் வரைக்கும் போகும். அதற்கு மேல் அதைத் தாங்கக் காற்று இல்லை. செயற்கைக்கோளை 200 கிலோமீட்டருக்குக் கீழே சுற்ற விட்டால் காற்று உரசிச் சீக்கிரமே விழுந்துவிடும். இடையில் இருக்கிற வெளிக்குள்ளேயே போய் அளந்து வர, ஆய்வு ராக்கெட் ஒன்றுதான் வழி. அதிலும் தும்பா பூமியின் காந்த நடுக்கோட்டை ஒட்டியிருக்கிறது. அந்தக் கோட்டுக்கு மேலே 100 கிலோமீட்டரைச் சுற்றிய உயரத்தில் பகல் நேரத்தில் ஒரு பெரிய மின்னோட்டம் ஆறு போல ஓடுகிறது. அதைத் தொட்டுப் பார்க்கத்தான் விக்ரம் சாராபாய் அந்த மீனவக் கிராமத்தைத் தேர்ந்தெடுத்தார்.

சித்தப்பாவுக்கு இன்னொன்றும் நினைவுபடுத்தினேன். 2010 ஜனவரி 15, மாட்டுப் பொங்கல். அன்று மதியம் கங்கண சூரிய கிரகணம். மாட்டுக்கு மாலை கட்டிவிட்டு எல்லோரும் புளியமரத்து நிழலில் நின்றோம். இலை இடுக்கு வழியாக விழுந்த வெளிச்சம் தரையெல்லாம் பிறை பிறையாகக் கிடந்தது. அதே கிரகணத்தை ஒட்டித் தும்பாவிலிருந்தும் ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்தும் ரோகிணி ராக்கெட்டுகளை வரிசையாக ஏற்றினார்கள். சூரியன் மறையும்போது மேல்காற்றில் மின்னூட்டம் என்ன ஆகிறது என்று பார்க்க அதைவிட்டால் வேறு நேரம் கிடைக்காது. சித்தப்பா அந்தப் பிறைகளை மறக்கவில்லை. அதற்கப்புறம் கேள்வி கேட்பதை விட்டுவிட்டு வால்தகட்டைப் பிடிக்க வந்துவிட்டார்.

அடுத்தது ஆர்.எச்.200. இதற்குத்தான் இரண்டு மாசம் போனது. நிஜ ராக்கெட் இரண்டு அடுக்கு, நீளம் 3.6 மீட்டர் அளவு. 200 அளவுக் குழாய் கனமானது. டிவிஎஸ் எக்ஸெல்லில் கட்டிக்கொண்டு வர முடியவில்லை. தக்காளி ஏற்றிப் போய்த் திரும்பிய டெம்போவில்தான் வந்து சேர்ந்தது. கீழடுக்கை நிறுத்திவிட்டு, மேலடுக்குக்கு என்ன குழாய் என்று படத்தில் விகிதம் பார்த்தபோது ஒரு விஷயம் பிடிபட்டது. மேலடுக்கு ஒல்லி. கிட்டத்தட்ட 125 அளவு. என்னிடம் மிஞ்சியிருந்த 125 துண்டை எடுத்துத் தூக்கி வைத்தேன், அப்படியே பொருந்தியது. திருவிழாவில் தம்பியைத் தோளில் தூக்கி வைத்த அண்ணன் மாதிரி இருந்தது. இதே முறைதான் ஆர்.எச்.560இலும். அதன் தோளில் இருப்பது 300 பருமனில் ஒரு மேலடுக்கு. ரோகிணிக் குடும்பம் என்று சொல்வதைப் பேச்சுக்குச் சொல்வதாக நினைத்திருந்தேன். குழாயைத் தூக்கி வைத்துப் பார்த்த அன்றுதான் முழுசாகப் புரிந்தது.

குழாயை அறுக்கும்போது இன்னொன்றும் தோன்றியது. திட எரிபொருளில், எரிய ஆக்சிஜன் கொடுக்கிற அம்மோனியம் பெர்குளோரேட்டும் அலுமினியத் தூளும் சேரும். இரண்டையும் ஒட்டிப் பிடித்துக் கட்டியாக்க ஒரு பாலிமர் வேண்டும். அந்தப் பாலிமரும் சேர்ந்தே எரியும். ஆர்.எச்.200இல் பல்லாண்டுகள் அந்த வேலையைச் செய்தது பி.வி.சி. என் கையில் இருக்கிற இதே குழாயின் பொருள். 2020 செப்டம்பரில்தான் எச்.டி.பி.பி. என்கிற ரப்பர் மாதிரியான பாலிமருக்கு மாற்றிப் பறக்க விட்டார்கள். இந்த ராக்கெட் 1600க்கும் மேல் பறந்திருக்கிறது. 2022 நவம்பர் 23 அன்று தொடர்ந்து 200ஆவது முறையாகத் தவறாமல் வெற்றி. மேலே போய்ச் சன்னமான செம்பு இழைகளைக் கொட்டிவிடும். அவை காற்றில் மிதந்து போகிற போக்கை ரேடாரில் பின்தொடர்ந்தால், அந்த உயரத்தில் காற்று எந்தப் பக்கம், எவ்வளவு வேகம் என்று தெரிந்துவிடும்.

சரி, நிற்கிற ராக்கெட் போதுமா? மகளுக்குப் போதவில்லை. பறக்க வேண்டும் என்றாள். வெடிமருந்து வேண்டவே வேண்டாம் என்று முதலிலேயே முடிவு செய்தேன். உரிமம் இல்லாமல் அதைத் தொடக் கூடாது. பி.வி.சி. குழாயில் காற்றழுத்தம் ஏற்றுவதும் தப்பு, உடைந்தால் கத்தி போலச் சிதறும். இரண்டு லிட்டர் சோடா பாட்டில், மூன்றில் ஒரு பங்கு தண்ணீர், சைக்கிள் பம்ப், டியூப் வால்வு செருகிய ரப்பர் கார்க். இவ்வளவுதான்.

தை மாசம் ராகி அறுத்து முடிந்த காட்டில் முதல் தடவை விட்டோம். பத்தடி மேலே போய்க் குட்டிக்கரணம் போட்டு விழுந்தது. வால்தகடு பத்தவில்லை, மூக்கில் கனமும் இல்லை. மூக்கில் களிமண் வைத்து, தகட்டையும் பெரிதாக்கினேன். அப்புறம் எடை சமமாகத் தொங்குகிற இடத்தில் கயிறு கட்டித் தலைக்கு மேலே சுழற்றிப் பார்த்தேன். மூக்கு முன்னால் நேராக வந்தால் பறக்கும், புரண்டால் பறக்காது. மூன்றாவது நாள் நேராக வந்தது.

அடுத்த தடவை நன்றாக ஏறியது, ஆனால் காற்று வந்த பக்கமே திரும்பிப் போய் அடுத்தவர் மாந்தோப்பில் விழுந்தது. பூ உதிர்ந்துவிட்டதோ என்று பயந்து போய்ப் பார்த்தோம், நல்லவேளை வாய்க்காலில் கிடந்தது. தோப்புக்காரரிடம் சொல்லிவிட்டுத்தான் எடுத்து வந்தேன். வால் உள்ள ராக்கெட் காற்றை எதிர்த்து மூக்கைத் திருப்பும். ரோகிணியிலும் வழிகாட்டுகிற கருவி கிடையாது. ஏற்றுவதற்கு முன்னால் காற்றை அளந்து, அதற்குத் தகுந்தபடி ஏவுதளத்தின் சாய்வை மாற்றுவார்கள். நாங்கள் ஒரு குச்சியில் கலர் ரிப்பன் கட்டி நட்டோம். காற்று போகிற திசையிலேயே ஏவுதளத்தைக் கொஞ்சம் சாய்த்தோம். ராக்கெட் திரும்பினாலும் நிமிர்ந்துதான் திரும்பும். விடிகாலையில் காற்று அடங்கியிருக்கிற நேரமே சிறந்தது என்றும் கற்றுக்கொண்டோம்.

உயரம் அளக்க, கோணமானியில் நூலும் நட்டும் கட்டித் தொங்கவிட்டு, 50 மீட்டர் தள்ளி மகளை நிறுத்தினேன். முதலில் 31 பாகை, அப்படியென்றால் 30 மீட்டர். வால்தகட்டைத் துளி சாய்த்து ஒட்டி, சுழன்றுகொண்டே ஏறும்படி செய்த பிறகு 40 பாகை காட்டியது. 42 மீட்டர். ஆர்.எச்.200 ஏறுகிற 80 கிலோமீட்டர் இதைப்போல எத்தனை மடங்கு என்று அவளே வகுத்தாள். 1900க்குச் சற்று மேல். அன்று ராத்திரி சாப்பிடும்போதும் அதையேதான் சொல்லிக்கொண்டிருந்தாள்.

இந்தக் காட்டிலிருந்து பார்த்தால் கிருஷ்ணகிரி மலைக்கோட்டை தெரியும். 1792 வரைக்கும் பாராமகால் என்கிற இந்தப் பகுதி மைசூர்க்காரர்கள் கையில் இருந்தது. ஹைதரும் திப்புவும் ராக்கெட்டுக்கு இரும்புக் குழாய் போட்டவர்கள். இரும்பு தாங்குகிற அழுத்தத்தை மூங்கிலும் காகிதமும் தாங்காது. 2018இல் கர்நாடகத்தில் ஷிவமொக்கா பக்கம் ஒரு பழைய கிணற்றில் அப்படிப்பட்ட ராக்கெட் குழாய்கள் 1000 அளவுக்குக் கிடைத்தன. ராக்கெட்டுக்கு உயிர் குழாயில்தான் என்பதை இந்தப் பக்கத்து மண் முன்னாலேயே பார்த்திருக்கிறது.

இப்போது மிச்சம் இருப்பது 300ம் 560ம். 300க்கு 315 அளவுக் குழாய் சொல்லி வைத்திருக்கிறேன், 15 மில்லிமீட்டர் கூடுதல்தான், பரவாயில்லை. 560க்கு எந்தக் குழாயும் கிடைக்காது என்று நினைத்திருந்தேன். போன வாரம் மாங்கூழ் ஆலைக்கு வெளியே அடுக்கியிருந்த இரும்பு டிரம்மை அளந்தேன். குறுக்கே 58 செ.மீ. இருந்தது! நிஜ ராக்கெட் ஏழரை மீட்டருக்கு மேல் உயரம், 100 கிலோ கருவியை 470 கிலோமீட்டர் வரை கொண்டுபோகும். கீழடுக்குக்கு மட்டும் ஐந்து டிரம்மாவது வேண்டும். பழசு நான்கு கிடைத்திருக்கிறது. இரண்டு நெளிந்திருக்கிறது, தட்டி நிமிர்த்த வேண்டும். வெல்டிங்காரர் ஞாயிற்றுக்கிழமை வருகிறேன் என்றிருக்கிறார்.